மூடுபனியில் விழுந்த வரிகள்: என் அனுபவம்

ஆரியங்காவுக் கணவாயின் மழைக்கால மூடுபனியில் பாழடைந்து நிற்கும் திருவிதாங்கூர்க் காலத்து மாளிகை ஒன்றை, 19-ஆம் நூற்றாண்டு கோதிக் கதைகளின் சாயலில், புளியரையிலிருந்தபடி பிளெண்டர் என்ற முப்பரிமாண மென்பொருளில் அனிமேஷன் குறும்படமாக்கி வருகிறேன். பனி மாளிகையை மூடும் காட்சியில், வெளிச்சம் சீராகக் கரையாமல் வானம் முழுக்கப் பட்டை பட்டையாக வரிகள் தெரிந்தன.

ஒவ்வொரு பிக்சலின் ஒளியையும் கணக்கிட மென்பொருள் எடுக்கும் மாதிரிகளான ரெண்டர் சாம்பிள்களைக் கூட்டினேன், நேரம்தான் கூடியது. வீடியோவில் ஒரு நொடிக்கான தரவின் அளவான பிட்ரேட்டை இரட்டிப்பாக்கியும், வேறு மானிட்டரில் பார்த்தும் பயனில்லை.

பிறகு ஒரே ஒரு பிரேமை 8 பிட் பிஎன்ஜி படமாக எடுத்துப் பெரிதாக்கினேன். வரிகள் அதிலேயே இருந்தன. ஆகவே வீடியோ சுருக்கம் காரணமல்ல. ஒரு பட்டை முழுவதும் வெளிச்ச மதிப்பு 14, அடுத்த பிக்சலில் சட்டென்று 15. 8 பிட்டில் ஒரு வண்ணத்துக்கு 256 படிகள் உண்டு என்றாலும், இருண்ட காட்சி அவற்றில் 30 படிகளை மட்டும் பயன்படுத்தினால், 1920 பிக்சல் அகலத்தில் ஒவ்வொரு படியும் 64 பிக்சல் பட்டையாகிவிடும்.

எளிதில் கண்ணில் படாத விஷயம், ரெண்டரில் வரும் புள்ளி இரைச்சலை நீக்கும் டீநாய்ஸரை அணைத்தால் வரிகள் மறைந்தன என்பதே. படிகளின் விளிம்பைக் கலைத்து மறைத்துவந்த நுண்புள்ளிகளை அதுதான் துடைத்திருக்கிறது.

எனவே டீநாய்ஸரை அப்படியே வைத்து, பிரேம்களை கூடுதல் படிகளைத் தாங்கும் 16 பிட் ஓப்பன்இஎக்ஸ்ஆர் படக் கோப்புகளாகச் சேமித்து, 8 பிட்டுக்கு மாற்றுவதற்குச் சற்று முன், பிரேமுக்குப் பிரேம் மாறும் மெல்லிய நுண்புள்ளிகளான கிரெயினைச் சேர்த்தேன். அளவு ஒரு படி ஏறி இறங்கும் அளவுதான். வீடியோவைச் சுருக்கும் எக்ஸ்264 மென்பொருளில், கிரெயினைக் காக்கும் கிரெயின் டியூன் அமைப்பையும் தேர்ந்தெடுத்தேன். இல்லையெனில் சுருக்கும்போது அந்தப் புள்ளிகள் மறுபடி அழிந்துவிடும். இப்போது பனி வரியின்றிப் படர்கிறது. கோப்பின் அளவு மட்டும் கூடியிருக்கிறது.