கசக்காத வெள்ளை ஒயின் சாங்க்ரியா: கோடைக்கு ஒரு சிட்ரஸ் பானம்

சாங்க்ரியா என்பது ஒயினில் ஆரஞ்சு, எலுமிச்சை போன்ற சிட்ரஸ் பழங்களைச் சேர்த்துச் செய்யும் பானம். முதல் தடவை அதை வெள்ளை ஒயினில் செய்தபோது, ஆரஞ்சையும் எலுமிச்சையையும் தோலோடு வட்டம் வட்டமாக நறுக்கி ஒயினில் போட்டு, ராத்திரி முழுக்க ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டேன். மறுநாள் மதியம் ஊற்றிக் குடித்தால் முதல் வாய்க்கு நல்ல மணம். விழுங்கியதும் அடிநாக்கில் ஒரு கசப்பு வந்து ஒட்டிக்கொண்டது. சர்க்கரை சேர்த்தேன், போகவில்லை. இன்னும் சேர்த்தேன், இனிப்பும் கசப்பும் தனித்தனியாக நின்றன. வந்திருந்தவர்கள் மரியாதைக்குக் குடித்தார்கள்.

கசப்பு எங்கிருந்து வந்தது என்று தெரிந்த பிறகு இந்தப் பானம் செய்வது மிகச் சுலபமாகிவிட்டது. ஒரு ஆரஞ்சைப் பாதியாக வெட்டிப் பாருங்கள். வெளியே மெல்லிய ஆரஞ்சு நிறத் தோல்; மணமுள்ள எண்ணெய் எல்லாம் அதில்தான் இருக்கிறது. அதற்கு அடியில் பஞ்சு மாதிரி வெள்ளைப் பகுதி. அதில் மணமும் இல்லை, சாறும் இல்லை, கசப்புதான் இருக்கிறது. உள்ளே சுளை, சாறு. நான் முழுசாக நறுக்கிப் போட்டதில் மூன்றும் சேர்ந்து ஊறிவிட்டன. கீழே சொல்லும் முறையில் தோல், சாறு, சுளை மூன்றையும் தனித்தனியாகப் பயன்படுத்துகிறோம், வெள்ளையை விட்டுவிடுகிறோம். வேறு வித்தை எதுவும் இல்லை.

செய்வதற்கு முன் பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. சாங்க்ரியா என்பது 'ரத்தம்' என்று பொருள்படும் ஸ்பானியச் சொல்லோடு தொடர்புடையது. சிவப்பு ஒயினில் செய்வதால் வந்த பெயர். 2014-இல் வந்த ஐரோப்பிய ஒன்றியச் சட்டத்தில் சாங்க்ரியாவுக்கு ஒரு இலக்கணமே இருக்கிறது. ஒயினில் சிட்ரஸ் பழங்களின் இயற்கையான சாரம் சேர்ந்திருக்க வேண்டும், ஆல்கஹால் 4.5 சதவீதத்துக்குக் குறையாமலும் 12 சதவீதத்துக்குக் கீழேயும் இருக்க வேண்டும். பழச்சாறு சேர்ப்பதும் விடுவதும் செய்பவர் விருப்பம். சாறு இல்லாவிட்டாலும் பரவாயில்லை, சிட்ரஸ் மணம் இல்லாமல் முடியாது என்கிறது சட்டம். எனக்கு இது மிகவும் பிடித்த விஷயம். வெள்ளை ஒயினில் செய்து ஸ்பெயினிலிருந்து வருவதற்கு அதே சட்டத்தில் 'கிளாரியா' என்று தனிப் பெயர். வீட்டில் செய்யும்போது நாம் தாராளமாக வெள்ளை சாங்க்ரியா என்றே சொல்லிக்கொள்ளலாம்.

என்னென்ன வேண்டும்

ஆறு கிளாஸுக்கு இந்த அளவு:

வெள்ளை ஒயின் – 1 பாட்டில் (750 மில்லி)
ஆரஞ்சு – 3
மஞ்சள் எலுமிச்சை – 2
சிறிய பச்சை எலுமிச்சை – 1
சர்க்கரை – 50 கிராம் (மேசைக்கரண்டியில் தலைதட்டி நான்கு)
ஆரஞ்சு லிக்கர் – 60 மில்லி (ஆரஞ்சு மணமுள்ள இனிப்பு மது; விருப்பம் இருந்தால்)
சோடா – 250 மில்லி
புதினா – ஒரு கைப்பிடி
ஐஸ் கட்டி

ஒயினுக்கு அதிகம் செலவழிக்க வேண்டாம், ஆனால் தேர்ந்தெடுத்து வாங்குங்கள். இனிப்பில்லாத, புளிப்பு எடுப்பாக இருக்கும் ஒயின்தான் இதற்குச் சரி. சாவின்யோன் பிளாங்க், பினோ கிரிஜியோ, ஸ்பெயினின் அல்பரீன்யோ, வெர்தெஹோ, போர்ச்சுக்கலின் வின்யோ வெர்தே, இவற்றில் எது கிடைத்தாலும் சரி. ஓக் பீப்பாயில் வைத்து முதிர்ந்த ஷார்டனே மட்டும் வேண்டாம். பீப்பாயிலிருந்து வரும் வெனிலா வாசனையும் வெண்ணெய் வாசனையும் எலுமிச்சையோடு ஒட்டவே ஒட்டாது. இனிப்பு ஒயின்தான் கையில் இருக்கிறது என்றால் சர்க்கரையைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளுங்கள்.

பழத்தை வாங்கும்போது கையில் தூக்கிப் பாருங்கள். ஒரே அளவுள்ள இரண்டில் கனமாக இருப்பதில்தான் சாறு அதிகம். தோல் பளபளவென்று மின்னினால் பெரும்பாலும் மெழுகு பூசியிருப்பார்கள். வெதுவெதுப்பான தண்ணீரில் பிரஷ்ஷால் நன்றாகத் தேய்த்துக் கழுவித் துடைத்துவிடுங்கள். தோலைத்தான் முதலில் எடுக்கப்போகிறோம், அதனால் இந்த வேலையில் சோம்பல் கூடாது.

முதல் வேலை: தோலும் சர்க்கரையும்

இரண்டு ஆரஞ்சு, ஒரு மஞ்சள் எலுமிச்சை எடுத்துக்கொள்ளுங்கள். காய்கறித் தோல் சீவுகிற சீவியால் மேல்தோலை மட்டும் நீள நீளப் பட்டையாகச் சீவுங்கள். அழுத்தாமல் சீவ வேண்டும். சீவிய பட்டையைத் திருப்பிப் பார்த்தால் உள்பக்கம் புள்ளிப் புள்ளியாக நிறம் தெரிய வேண்டும். முழுக்க வெள்ளையாக இருந்தால் ஆழமாகச் சீவிவிட்டீர்கள் என்று பொருள். அப்படி ஆகிவிட்டால், பட்டையைப் பலகையில் விரித்து வைத்து, சின்னக் கத்தியைப் படுக்கவைத்து அந்த வெள்ளையை வழித்துவிடுங்கள். ஒரு பட்டையை விளக்குக்கு முன்னால் பிடித்து மடக்கிப் பார்த்தால் தோலிலிருந்து பொடிப்பொடியாக எண்ணெய் பீய்ச்சுவது கண்ணுக்கே தெரியும். நமக்கு வேண்டியது அதுதான்.

பட்டைகளை ஒரு கிண்ணத்தில் போட்டு 50 கிராம் சர்க்கரையைத் தூவி, கரண்டியின் அடிப்பக்கத்தால் இரண்டு நிமிடம் நசுக்கிப் பிசறுங்கள். மூடி வைத்துவிட்டு வேறு வேலை பார்க்கலாம். ஒரு மணி நேரத்தில் சர்க்கரை ஈர மணல் மாதிரி ஆகிவிடும், இரண்டு மணி நேரத்தில் கிண்ணத்தின் அடியில் பளபளவென்று கொஞ்சம் பாகு நிற்கும். சர்க்கரை தோலிலிருந்து ஈரத்தையும் எண்ணெயையும் வெளியே இழுத்துவிடுகிறது. கலவை பானங்கள் செய்கிறவர்களிடம் பல காலமாக இருக்கும் பழக்கம் இது. 'ஓலியோ சாக்கரம்' என்பார்கள், எண்ணெய்ச் சர்க்கரை என்று அர்த்தம். மூடியைத் திறக்கும்போது அடுப்பங்கரை முழுக்கப் பரவும் வாசனையை நீங்களே பாருங்கள். சாறு எவ்வளவு ஊற்றினாலும் அந்த வாசனை வராது.

நேரமே இல்லையென்றால் அரை மணி நேரமாவது விடுங்கள். இதை மட்டும் தாண்டிப் போய்விடாதீர்கள்.

சாறு

தோல் சீவிய இரண்டு ஆரஞ்சையும் பிழிந்தால் ஏறக்குறைய 120 மில்லி சாறு கிடைக்கும். சீவிய எலுமிச்சையிலிருந்து 30 மில்லி. பிழிவதற்கு முன் பழத்தை மேசையில் வைத்து உள்ளங்கையால் அழுத்தி உருட்டினால் சாறு தாராளமாக வரும். கடைசிச் சொட்டு வரைக்கும் முறுக்கிப் பிழியாதீர்கள், அதில் வெள்ளைப் பகுதியின் கசப்பும் சேர்ந்து வரும்.

சாற்றைத் தோலும் சர்க்கரையும் உள்ள கிண்ணத்திலேயே ஊற்றி, சர்க்கரை முழுக்கக் கரையும் வரை கலக்குங்கள். குளிர்ந்த ஒயினில் நேராகச் சர்க்கரை போட்டால் லேசில் கரையாது, அடியில் மணல் மாதிரி தங்கிவிடும். அறை வெப்பத்தில் இருக்கும் சாற்றில் இரண்டு மூன்று நிமிடத்தில் கரைந்துவிடும். அப்புறம் வடிகட்டிக்கொள்ளுங்கள். தோல் பட்டைகளை ஒரு பக்கம் எடுத்து வையுங்கள்.

சாற்றை முந்தின நாளே பிழிந்து வைக்க வேண்டாம். ஆரஞ்சுச் சாறு பிழிந்த பிறகும் மாறிக்கொண்டே இருக்கும். பழத்தின் வெள்ளையிலும் சுளைத் தோலிலும் உள்ள ஒரு பொருள், சாற்றின் புளிப்பு பட்டதும் மெதுவாக லிமோனின் என்ற கசப்புப் பொருளாக மாறுகிறது. பிழிந்தவுடன் தேனாக இருந்த சாறு சில மணி நேரம் கழித்துக் கசப்பது இதனால்தான். அடியில் தொப்புள் மாதிரி இருக்கும் நேவல் ஆரஞ்சில் இது ரொம்ப அதிகம். சாற்றுக்கு வேறு ரகம் கிடைத்தால் அதை எடுங்கள், நேவலைச் சுளைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

சுளை

மிச்சம் இருக்கும் ஒரு ஆரஞ்சையும் ஒரு எலுமிச்சையையும் எடுங்கள். மேலும் கீழும் ஒரு வில்லை வெட்டித் தள்ளிவிட்டு, பழத்தைப் பலகையில் நிற்கவைத்து, கூரான கத்தியால் பழத்தின் வளைவோடு மேலிருந்து கீழாகத் தோலையும் வெள்ளையையும் சேர்த்துச் சீவிவிடுங்கள். இப்போது ஒரு சுளைக்கும் அடுத்ததற்கும் நடுவே உள்ள மெல்லிய தோல் கோடு கோடாகத் தெரியும். அந்தக் கோட்டுக்கு இரண்டு பக்கமும் கத்தியை இறக்கினால் சுளை மட்டும் தனியாகக் கழன்று வரும். முதல் பழத்தில் கொஞ்சம் நசுங்கும், இரண்டாவதில் கை பழகிவிடும். பச்சை எலுமிச்சையை மெல்லிய வட்டமாக நறுக்கி, பரிமாறும் நேரத்துக்கென்று தனியாக வையுங்கள். அழகுக்காகத்தான் அது, அரை மணி நேரம் தோலோடு கிடந்தால் ஒன்றும் ஆகாது.

கலப்பதும் காத்திருப்பதும்

பெரிய கண்ணாடி ஜக்கில் வடிகட்டிய சாறு, சுளைகள், லிக்கர், குளிர்ந்த ஒயின் எல்லாவற்றையும் ஊற்றி மெதுவாக ஒரு கலக்குக் கலக்கி, மூடி, ஃப்ரிட்ஜில் வையுங்கள். இரண்டு மணி நேரம் போதும், நான்கு மணி நேரம் வரை போகலாம். ராத்திரி முழுக்க வேண்டாம், சுளை நைந்து கலங்கிவிடும்.

எடுத்ததும் ஒரு கரண்டி ருசி பாருங்கள். குளிர்ந்த பிறகுதான் பார்க்க வேண்டும், ஏனென்றால் குளிர்ச்சியில் இனிப்பு அடங்கித் தெரியும். கலக்கும்போது சரியாக இருந்தது இப்போது குறைவாகத் தோன்றலாம். தித்திப்பு தூக்கலாக இருந்தால் எலுமிச்சைச் சாறு அரைக் கரண்டி. புளிப்பு தூக்கலாக இருந்தால் சர்க்கரையை அப்படியே போடாமல், சம அளவு சுடுதண்ணீரில் கரைத்து ஆறவைத்து ஊற்றுங்கள்.

சோடா கடைசியில்தான். ஜக்கில் மொத்தமாக ஊற்றி வைத்தால் பத்துப் பதினைந்து நிமிடத்தில் குமிழி அடங்கத் தொடங்கிவிடும். கிளாஸில் ஐஸ், அதன்மேல் முக்கால் கிளாஸுக்குச் சாங்க்ரியாவும் இரண்டு மூன்று சுளையும், அதன்மேல் சோடா. சோடாவும் முன்பே குளிர்ந்திருக்க வேண்டும். வெதுவெதுப்பான சோடாவில் வாயு நிற்காது. புதினாவை உள்ளங்கையில் வைத்து ஒரு தட்டுத் தட்டி மேலே செருகுங்கள், பச்சை எலுமிச்சை வட்டம் ஒன்று விளிம்பில். ஐஸ் கரைந்து தண்ணீராகிவிடுமே என்று நினைப்பவர்கள், விதையில்லாத பச்சைத் திராட்சையை முந்தின நாளே உறையவைத்து ஐஸுக்குப் பதில் போடலாம். நான் இப்போது அப்படித்தான் செய்கிறேன்.

எவ்வளவு குடிக்கிறோம் என்பது தெரிந்திருக்கட்டும்

பழச்சாறு மாதிரி சரசரவென்று இறங்கும், ஆனால் இது ஒயின்தான். கணக்குப் போட்டுப் பார்த்தேன். 12 சதவீத ஒயின், 40 சதவீத லிக்கர் என்று வைத்துக்கொண்டால், சோடாவும் சேர்த்து மொத்தம் ஏறத்தாழ 1,240 மில்லி வருகிறது, ஆல்கஹால் 9 சதவீதத்துக்குச் சற்று மேலே. அதாவது 200 மில்லி சாங்க்ரியாவும் 150 மில்லி ஒயினும் ஆல்கஹாலில் சரிசமம். லிக்கரை விட்டுவிட்டால் 7.6 சதவீதத்துக்கு இறங்கும். வெயில் நேரத்தில் அதுவே எனக்கு நன்றாக இருக்கிறது. குடித்துவிட்டு வண்டி எடுக்காதீர்கள்.

இன்னும் இரண்டு விஷயம். இந்தப் பானத்தில் கிரேப்ஃப்ரூட் போடுவதுண்டு, ருசியும் அருமையாக இருக்கும். ஆனால் சில கொலஸ்ட்ரால் மாத்திரைகளோடும் ரத்த அழுத்த மாத்திரைகளோடும் கிரேப்ஃப்ரூட் சேராது, மருந்தின் அளவு ரத்தத்தில் ஏறிவிடும். வருகிறவர்கள் என்ன மாத்திரை சாப்பிடுகிறார்கள் என்று நமக்குத் தெரியாது, அதனால் நான் சேர்ப்பதில்லை. அடுத்தது, பச்சை எலுமிச்சையை வெயிலில் உட்கார்ந்து நறுக்காதீர்கள். அந்தச் சாறு பட்ட தோலில் வெயில் பட்டால் ஓரிரு நாளில் தீக்காயம் மாதிரி சிவந்து கொப்புளம் கிளம்பும், கறுத்த தடம் வாரக்கணக்கில் நிற்கும். உள்ளே நறுக்கி, சோப்புப் போட்டுக் கை கழுவிவிட்டு வெளியே கொண்டுபோங்கள்.

குடிக்காதவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் இதே முறையில் தனி ஜக் செய்யலாம். ஒயினுக்குப் பதில் பாதி வெள்ளைத் திராட்சைச் சாறு, பாதி ஆறவைத்த லேசான கிரீன் டீ. டீயின் துவர்ப்பு ஒயினின் இடத்தை ஓரளவு நிரப்பும். திராட்சைச் சாறே இனிப்பு என்பதால் தோலோடு சேர்க்கும் சர்க்கரை இரண்டு கரண்டி போதும், எலுமிச்சைச் சாறு இரண்டு மடங்கு வேண்டும். இரண்டு ஜக்கும் பார்க்க ஒரே மாதிரி இருக்கும். மாறிப்போகாமல் இருக்க, ஒன்றில் மட்டும் புதினாக் கொத்தைப் போட்டு வையுங்கள்.

மிஞ்சினால், சோடா கலக்காததைச் சுளை நீக்கி வடிகட்டி மூடி வைத்தால் மறுநாள் வரை தாங்கும். எடுத்து வைத்த தோல் பட்டைகளைத் தூக்கிப் போடாதீர்கள். இனிப்பு ஊறி மெத்தென்று இருக்கும். சின்னதாக நறுக்கி டப்பாவில் போட்டு ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டு, இரண்டு நாளைக்குள் கொதிக்கும் டீயில் ஒரு துண்டு போட்டுப் பாருங்கள்.