நிலம் உங்கள் அனுபவத்தில் இருக்கிறது என்று கோர்ட்டில் காட்டுவது எப்படி?

பக்கத்து நிலத்துக்காரர் வேலியைத் தள்ளிப் போடுகிறார், இல்லையென்றால் பங்காளி டிராக்டரோடு வந்து உழப் பார்க்கிறார். இன்ஜங்ஷன் (தடை உத்தரவு) கேட்டு வழக்குப் போட்டால் கோர்ட் முதலில் பார்ப்பது, வழக்குப் போட்ட அன்றைக்கு நிலம் யார் கையில், அதாவது யார் அனுபவத்தில், இருந்தது என்பதைத்தான். "பட்டா என் பெயர்ல இருக்கு சார்" என்பது மட்டும் போதாது. பட்டா ஒரு வருவாய்த்துறைப் பதிவு, அவ்வளவுதான். தமிழ்நாட்டு விவசாய நிலத்தை வைத்தே சொல்கிறேன்.

படி 1: என்ன வழக்கு என்று முடிவு செய்யுங்கள்

நிலம் உங்களிடமே இருந்து, உரிமையிலும் சிக்கல் இல்லையென்றால் வெறும் உறுத்துக்கட்டளை (இன்ஜங்ஷன்) வழக்கு போதும். எதிராளி உங்கள் உரிமையையே சந்தேகத்துக்குள்ளாக்கினால் விளம்புகைப் பரிகாரமும் (உரிமை உங்களுக்கே என்று கோர்ட் அறிவிப்பது) சேர்த்துக் கேட்க வேண்டும் என்று 2008-ல் அனதுலா சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. ஏற்கெனவே வெளியேற்றிவிட்டார்கள் என்றால் தாமதிக்காதீர்கள்: 1963-ம் வருட குறித்தவகைப் பரிகாரச் சட்டம் பிரிவு 6-ன்படி 6 மாதத்துக்குள் வழக்குப் போட்டால், யார் உரிமையாளர் என்ற ஆராய்ச்சியே இல்லாமல் சுவாதீனத்தை (நிலத்தின் அனுபவத்தை) திரும்பக் கேட்கலாம் (அரசுக்கு எதிராக இது செல்லாது).

படி 2: நிலத்தை அடையாளம் காட்டுங்கள்

சர்வே எண், உட்பிரிவு, நான்கு எல்லை, புலப்பட வரைபடம். பத்திரத்தில் பழைய சர்வே எண்ணும் பட்டாவில் புது எண்ணும் இருந்தால், இரண்டும் ஒரே நிலம்தான் என்று காட்டும் ஆவணத்தைத் தாலுகா அலுவலகத்தில் முதலிலேயே வாங்கிவிடுங்கள். பிராதின் (வழக்கு மனுவின்) சொத்து விவரத்தில் எல்லை தப்பினால் அப்புறம் எவ்வளவு ஆதாரம் இருந்தும் தலைவலிதான்.

படி 3: வருடவாரியாகக் காகிதம் அடுக்குங்கள்

உண்மையான வேலை இதுதான். ஒரு நோட்டில் பசலி வாரியாகக் கோடு போட்டுக்கொள்ளுங்கள் (பசலி என்பது வருவாய்த்துறையின் கணக்கு வருடம்; பசலி 1434 என்றால் 2024 ஜூலை முதல் 2025 ஜூன் வரை), ஒவ்வொரு பசலிக்கும் கையில் என்ன இருக்கிறது என்று எழுதுங்கள்: அடங்கல் (எந்த நிலத்தில் என்ன பயிர் என்று கிராம நிர்வாக அலுவலர் எழுதும் கணக்கு), கிஸ்து (நிலவரி) ரசீது, மோட்டார் மின் இணைப்பு அட்டை, கூட்டுறவுச் சங்கத்தில் வாங்கிய பயிர்க் கடன், பயிர்க் காப்பீட்டு ரசீது. எந்த வருடம் வெறுமையாக நிற்கிறதோ அதைத்தான் எதிர்த் தரப்பு வக்கீல் பிடிப்பார்.

அடங்கலை வாங்கியதும் வரி வரியாகப் படியுங்கள். நீங்கள் கடலை போட்ட வருடத்தில் கிராம நிர்வாக அலுவலர் "தரிசு" என்று எழுதியிருந்தால் அது உங்களுக்கு எதிரான ஆதாரம். தேவைப்பட்டால் அவரைச் சம்மன் மூலம் அசல் கணக்கோடு சாட்சிக்கு அழைக்கலாம்.

இன்னொன்று, தகராறு தொடங்கிய பிறகு பத்து வருடக் கிஸ்தை ஒரே நாளில் கட்டி ரசீது வாங்கி வருகிறவர்கள் உண்டு. தேதியைப் பார்த்ததுமே கோர்ட்டுக்குப் புரிந்துவிடும். வழக்குக்கு முந்தைய, பழைய, கசங்கின காகிதத்துக்குத்தான் மதிப்பு.

செல்போன் படங்கள் இருந்தால் 2023-ம் வருட பாரதிய சாக்ஷிய அதினியம் பிரிவு 63 சான்றிதழோடு (மின்னணு ஆதாரத்துக்கான சான்று) தாக்கல் செய்யுங்கள்.

படி 4: சாட்சிகள்

சொந்தக்காரரைவிட, உங்கள் வரப்பை ஒட்டிப் பயிர் வைக்கிற ஆள் நல்ல சாட்சி. குறுக்கு விசாரணையில் கிணறு எந்த மூலையில், மேற்கே யார் நிலம், போன போகத்தில் என்ன பயிர் என்றுதான் கேட்பார்கள். வெளியூரில் இருப்பவர் என்றால் ஒரு முறை நிலத்தைச் சுற்றி நடந்துவிட்டுப் போங்கள்.

படி 5: கமிஷனர்

வக்கீல் கமிஷனர் (நிலத்தை நேரில் பார்த்து அறிக்கை தர கோர்ட் அனுப்பும் வக்கீல்) வந்து மரம், வேலி, கட்டடம், அளவு எல்லாம் குறிப்பார். ஆனால் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று கண்டுபிடிக்க அவரை அனுப்ப முடியாது, அதற்காக மனு போட்டால் பெரும்பாலும் தள்ளுபடிதான்.

காலி மனையாக இருந்தால் கதை கொஞ்சம் வேறு. அங்கே பயிரும் இல்லை, அடங்கலும் உதவாது, உரிமை யாருக்கோ அனுபவமும் அவருக்கே என்று கோர்ட் எடுத்துக்கொள்ளும். அதனால் தாய்ப்பத்திரத்திலிருந்து தொடர்ச்சியையும் வில்லங்கச் சான்றையும் முன்னால் வையுங்கள், காலி மனை வரி ரசீது இருந்தால் அதையும் சேருங்கள்.