ஒரே வீட்டில் இரண்டு விதமான முடி

என் மூத்தவளுக்குச் சுருட்டை முடி; இளையவளுக்கு நூல் போல மெல்லிசு. இருவருக்கும் ஒரே ஹேர் மாஸ்க், அதாவது முடியில் தடவி ஊறவைத்து அலசும் க்ரீம். பெரியவளுக்கு அது போதவில்லை. சின்னவளுக்கோ தலையெல்லாம் பிசுபிசுத்துப் படிந்துவிடும்.

சுருட்டை முடியில் உச்சந்தலை எண்ணெய் வளைவுகளைத் தாண்டி நுனிவரை எளிதில் இறங்காது. நுனி வறண்டே இருக்கும். சிங்கப்பூரில் காற்றின் ஈரப்பதம் சராசரியாக 80 சதவீதத்தைத் தாண்டும். வறண்ட முடி அந்த ஈரத்தை உறிஞ்சிப் புஸ்ஸென்று விரிந்துகொள்ளும்.

அதனால் பெரியவளுக்கு முதல்நாள் இரவே தேங்காய் எண்ணெய். இங்குள்ள தேக்கா சந்தையில் வாங்கும் சாதாரண எண்ணெய்தான். அது முடிக்குள் ஊடுருவி, கழுவும்போது புரதம் வெளியேறுவதைக் குறைக்கும். காலையில் ஷாம்பு போட்டபின் ஷியா பட்டர் மாஸ்க்கை ஈர முடியில் பகுதி பகுதியாகத் தடவி, அகலப் பல் சீப்பால் சிக்கெடுத்து, 20 நிமிடம் ஷவர் கேப். அலசியதும் துண்டால் தேய்க்கக் கூடாது. பழைய பருத்திச் சட்டையால் ஒற்றினால் போதும். சுருள் அழகாகத் திரண்டு நிற்கிறது, பார்க்கவே ஆசையாக இருக்கிறது.

சின்னவளுக்கு வரிசையை மாற்றினேன். முதலில் லேசான கண்டிஷனர், காதுக்குக் கீழே மட்டும்; அப்புறம்தான் ஷாம்பு. சிக்கும் இல்லை, கனமும் இல்லை. பாட்டிக்கு மனசு கேட்காததால் அவளுக்கும் எண்ணெய் உண்டு: நுனியில் நாலே சொட்டு.