முகம் காட்ட முடியாதவரை ஆவணப்படத்தில் பேசவைக்க

சமூகப் பிரச்சினைகளைப் படமாக்க வருபவர்கள் முதலில் எந்தக் கேமரா வாங்கலாம் என்றுதான் கேட்கிறார்கள். கேமரா சீக்கிரம் கைவந்துவிடும். பாதிக்கப்பட்ட ஒருவரைப் பேசவைத்து, அதனால் அவருக்கு இன்னொரு தீங்கு வராமல் படத்தை முடிப்பதுதான் பழக வேண்டிய தொழில்.

முதல் சந்திப்புக்குக் கேமராவை எடுத்துப் போகாதீர்கள். படம் எதைப் பற்றியது, எங்கெல்லாம் திரையிடப்படும், இணையத்தில் ஏறிவிட்டால் முழுவதுமாக அழிக்க முடியாது என்பதையெல்லாம் அவருக்குப் பழகிய பேச்சிலேயே சொல்லுங்கள். சொல்லி முடித்ததும், புரிந்ததை அவரையே திருப்பிச் சொல்லச் சொல்லுங்கள். வேலை கொடுப்பவர் பார்த்தால், மகளின் பள்ளியில் பார்த்தால் என்ன ஆகும் என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். கையெழுத்து அதற்குப் பிறகுதான். விளக்குகள் எரிய, நாலு பேர் சுற்றி நிற்க, படிவத்தை நீட்டினால் யாருக்கும் மறுக்க வாய் வராது. விலகிக்கொள்ளும் உரிமை எந்தக் கட்டம் வரை என்பதையும் எழுதிக் கொடுங்கள். எடிட்டிங் முடிந்து பிக்சர் லாக் ஆகும் வரை, அதாவது இனிக் காட்சிகளை மாற்றுவதில்லை என்று முடிவாகும் வரை என்பது நியாயமான எல்லை. வாக்குமூலத்துக்குப் பணம் கொடுத்தால் எதிர்த்தரப்பு முதலில் அதைத்தான் பிடித்துக்கொள்ளும். பேச வந்ததால் இழந்த கூலியையும் பயணச் செலவையும் கொடுக்கலாம், கொடுக்கவும் வேண்டும், ரசீது வைத்துக்கொள்ளுங்கள்.

ஒலியை 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் பதியுங்கள். பேச்சின் உச்சம் பதிவுக் கருவியின் அளவுமானியில் மைனஸ் 12 டெசிபலை ஒட்டி இருக்கட்டும். காலர் மைக் தாடைக்கு ஒரு சாண் கீழே. மிகவும் வலிக்கும் இடத்தைச் சொல்லும்போது பலருக்கும் கை தானாக நெஞ்சுக்குப் போகும். மைக் உரசி, படத்துக்கு உயிரான அந்த வாக்கியமே கெட்டுப்போகும். மறுபடி சொல்லச் சொல்வது கொடுமை. அதனால் தலைக்கு மேலே ஒரு பூம் மைக்கை, அதாவது கோலில் பொருத்திய மைக்கை, தனி டிராக்கில் ஓடவிடுங்கள். பதில் முடிந்ததும் ஐந்து விநாடி பேசாமல் இருங்கள்; பல சமயம் உண்மையான பதில் அப்போதுதான் வரும். கிளம்பும் முன் அறையின் அமைதியை ஒரு நிமிடம் பதிந்துகொள்ளுங்கள்; எடிட்டிங்கில் இடைவெளிகளை நிரப்ப அது வேண்டும்.

அடையாளத்தை மறைப்பதில்தான் அதிகம் தவறு நடக்கிறது. பின்னால் விளக்கு வைத்து நிழலுருவாக எடுத்தால் போதும் என்று நினைப்பார்கள். இருட்டிலும் விவரத்தைக் காக்கும் லாக் (log) பதிவு முறையில் எடுத்த காட்சியில் இருண்ட பகுதியின் வெளிச்சத்தைக் கொஞ்சம் ஏற்றினால் மூக்கும் கண்ணும் வெளியே வந்துவிடும். அவர் இருக்கும்போதே கணினியில் ஏற்றிப் பாருங்கள். முகத்தைக் கட்டம் கட்டமாக மங்கலாக்குவதையும் நம்ப வேண்டாம். சில சமயம் அதிலிருந்து முகத்தை ஊகித்துவிட முடியும். குரலின் சுருதியை மாற்றினால் அதே அளவு திருப்பி மாற்றிக் கேட்டுவிடலாம், ஆகவே அவர் சொன்னதை வேறொருவர் குரலில் பதிந்து, அப்படிச் செய்ததைத் திரையில் எழுதிக் காட்டுங்கள். கைகளை மட்டும் எடுப்பதானால் மோதிரம், தழும்பு, பச்சை குத்தியது எல்லாமே அடையாளம். சுவரில் தொங்கும் கடைக் காலண்டரும் கண்ணாடியில் தெரியும் பிம்பமும் அப்படித்தான். கைப்பேசியில் எடுத்தால் இருப்பிடப் பதிவை முன்பே அணைத்துவிடுங்கள்.

பதிவுகளைக் கடவுச்சொல் பூட்டிய இரண்டு வட்டுகளில், வெவ்வேறு இடங்களில் வையுங்கள். கோப்புகளுக்கு அவர் பெயரை வைக்காதீர்கள்; எண் போதும். எண்ணுக்குரிய பெயர்ப் பட்டியல் அந்த வட்டுகளில் இருக்கக் கூடாது.

எடிட்டிங்கில் இரண்டு பதில்களை வெட்டி ஒட்டி ஒரே வாக்கியமாக்கும் ஆசை வரும். அவர் சொல்லாத பொருள் அதில் பிறந்தால் கைவிடுங்கள். குற்றம் சாட்டப்படுபவருக்குக் குற்றச்சாட்டுகளை ஒவ்வொன்றாக எழுதி அனுப்பி, பதில் சொல்ல இரண்டு வாரமாவது கொடுங்கள். ஆனால் சொன்னவர் யார் என்று ஊகிக்க இடம் தரும் தேதியோ சம்பவமோ கடிதத்தில் இருந்துவிடக் கூடாது.

பிக்சர் லாக்குக்கு முன், பேசியவர் வரும் பகுதியை அவருக்குத் தனியாகப் போட்டுக் காட்டுங்கள். நாம் கவனிக்காத அடையாளத்தை, ஜன்னலுக்கு வெளியே தெரியும் ஒரு மரத்தைக்கூட, அவர்தான் கண்டுபிடிப்பார்.