பழைய விண்டோஸ்ல தேவையில்லாத கேம்ஸ சுத்தமா தூக்குறது எப்படி

டெஸ்க்டாப்ல இருக்குற ஐகான டெலீட் பண்ணிட்டு கேம் போயிடுச்சுன்னு நெனச்சிட்டு இருக்குறவங்க நெறைய பேரு, நானும் ஒரு காலத்துல அந்த கோஷ்டிதான். அது வெறும் ஷார்ட்கட்டுங்க, வாசல்ல மாட்டிருக்குற பேர்ப்பலகைய கழட்டிட்டா வீடு காலியாகிடுமா என்ன. இன்னும் சிலர் ஒரு படி மேல போய் புரோகிராம் ஃபைல்ஸ் உள்ள பூந்து ஃபோல்டரையே ஷிஃப்ட் டெலீட் அடிச்சிடுவாங்க, அப்புறம் லிஸ்ட்ல பேரு மட்டும் பேய் மாதிரி நிக்கும், அன்இன்ஸ்டால் குடுத்தா எரர் வரும், அதுக்கு வேற தனியா வைத்தியம் பாக்கணும்.

கேம் எந்த வழியா உள்ள வந்துச்சோ அந்த வழியாதான் அத வெளிய அனுப்பணும். விண்டோஸோடயே வந்த கேமா, நீங்க சிடி போட்டோ டவுன்லோட் பண்ணியோ ஏத்துனதா, கம்ப்யூட்டர் வாங்கும்போதே கம்பெனிக்காரங்க ஏத்தி அனுப்புன ட்ரையல் கேமா, இல்ல ஸ்டீம் மாதிரி கேம்ஸ வாங்கி ஏத்தி ஓட்டுறதுக்குன்னே இருக்குற ஒரு லாஞ்சர் வழியா வந்ததா, மொதல்ல இத பாருங்க. நான் இங்க சொல்றது எக்ஸ்பி, விஸ்டா, விண்டோஸ் 7 இந்த மூணுக்கும். மெனுல இங்கிலீஷ்ல இருக்குற பேர அப்படியே தமிழ் எழுத்துல போட்டிருக்கேன், ஸ்க்ரீன பாத்துக்கிட்டே படிச்சா புரிஞ்சிடும்.

வேலைய ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி ரெண்டு விஷயம். அட்மினிஸ்ட்ரேட்டர் அக்கவுண்ட்ல லாகின் பண்ணிருக்கணும், இல்லன்னா பாதில பாஸ்வேர்ட் கேட்டு நிக்கும். ரெண்டாவது ஒரு ரீஸ்டோர் பாயிண்ட் போட்டு வச்சிக்கோங்க, அதாவது சிஸ்டத்த இன்னைக்கு இருக்குற நிலைக்கே திருப்பிக்கிறதுக்கு ஒரு அடையாளம், விஸ்டா, 7ல கம்ப்யூட்டர் ஐகான ரைட் கிளிக் பண்ணி ப்ராப்பர்ட்டீஸ் போனா எடது பக்கம் சிஸ்டம் ப்ரொடெக்ஷன் இருக்கும், அதுல க்ரியேட். எக்ஸ்பில ஆக்ஸசரீஸ் உள்ள சிஸ்டம் டூல்ஸ்ல சிஸ்டம் ரீஸ்டோர். ரெண்டு நிமிஷ வேலைதான், ஏதாவது சொதப்பிட்டா காப்பாத்தும்.

இப்ப விண்டோஸோடயே வந்த கேம்ஸ். சாலிட்டேர் 1990ல விண்டோஸ் 3.0 காலத்துலேந்து கூடவே வர்ற ஆளு, அதனால அத சாதாரண புரோகிராம் லிஸ்ட்ல தேடுனா கிடைக்காது, விண்டோஸோட ஒரு பாகமாதான் கணக்கு. எக்ஸ்பில ஸ்டார்ட், கண்ட்ரோல் பேனல், ஆட் ஆர் ரிமூவ் புரோகிராம்ஸ் போங்க, எடது பக்கம் ஆட் ரிமூவ் விண்டோஸ் காம்பொனண்ட்ஸ்னு ஒண்ணு இருக்கும், அத தொட்டா ஒரு லிஸ்ட் வரும், அதுல ஆக்ஸசரீஸ் அண்ட் யுட்டிலிட்டீஸ்ங்கறத செலக்ட் பண்ணி டீடெய்ல்ஸ் அமுக்குங்க, உள்ள கேம்ஸ்னு இருக்கும், அதுக்கும் டீடெய்ல்ஸ், அப்பதான் ஃப்ரீசெல், ஹார்ட்ஸ், மைன்ஸ்வீப்பர், பின்பால், ஸ்பைடர் எல்லாம் தனித்தனியா தெரியும். வேண்டாதத டிக் எடுத்துட்டு ஓகே, ஓகே, நெக்ஸ்ட், அவ்ளோதான். இங்க ஒரு கொழப்பம் வரும், பாக்ஸ் சாம்பல் கலர்ல இருந்து டிக்கும் இருந்தா உள்ள கொஞ்சம் இருக்கு கொஞ்சம் இல்லன்னு அர்த்தம், அதுக்கு பயப்பட வேண்டாம்.

பின்பால தூக்குறதுக்கு முன்னாடி மட்டும் ஒரு தடவ யோசிங்க. அது எக்ஸ்பியோட சரி, விஸ்டாலேந்து கிடையாது, திரும்ப வேணும்னா எக்ஸ்பி சிடி கேக்கும், அந்த சிடி இப்ப யார் வீட்டு பரண்ல கெடக்குதோ.

விஸ்டாலயும் 7லயும் வழி வேற. கண்ட்ரோல் பேனல்ல புரோகிராம்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ் போங்க, எடது பக்கம் டர்ன் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் ஆன் ஆர் ஆஃப்னு இருக்கும். அத தொட்டதும் ஒரு சின்ன டப்பா தொறக்கும், லிஸ்ட் வர்றதுக்கு பழைய மெஷின்ல கொஞ்ச நேரம் பிடிக்கும், காலியா இருக்கேன்னு மூடிடாதீங்க. கேம்ஸ் பக்கத்துல இருக்குற ப்ளஸ்ஸ அமுக்குனா செஸ் டைட்டன்ஸ், மஹ்ஜாங் டைட்டன்ஸ், பர்பிள் ப்ளேஸ்னு வரிசையா வரும், மொத்தமா வேண்டாம்னா மேல இருக்குற கேம்ஸ் டிக்க மட்டும் எடுங்க, ஒண்ணு ரெண்டு போதும்னா உள்ள போய் எடுங்க. ஓகே குடுத்ததும் வெயிட் பண்ண சொல்லும், பண்ணுங்க, நடுவுல கரண்ட் போகாம இருந்தா நல்லது.

சில பேரு மெஷின்ல இந்த டிக்கே இருக்காது, ஏன்னா விண்டோஸ் 7 ப்ரொஃபஷனல், விஸ்டா பிசினஸ் மாதிரி ஆபீஸுக்குன்னு வந்த எடிஷன்ல கேம்ஸ் ஆரம்பத்துலேந்தே ஆஃப்லதான் இருக்கும். இன்னொரு வேடிக்கை, கமாண்ட் ப்ராம்ப்ட்ல ஃபீச்சர் லிஸ்ட் எடுத்து பாத்தா மஹ்ஜாங்கோட பேரு ஷாங்காய்னு போட்டிருக்கும், நான் அத ஏதோ வைரஸ்னு நெனச்சு பதறிட்டேன்.

ஆனா ஒண்ணு தெளிவா சொல்லிடுறேன். விஸ்டாலயும் 7லயும் இப்படி ஆஃப் பண்றதால ஹார்ட் டிஸ்க்ல எடம் மிச்சமாகாது. ஃபைல் எல்லாம் விண்டோஸ் உள்ளயே ஒரு ஓரமா இருக்கும், நாளைக்கே திரும்ப டிக் போட்டா சிடி கேக்காம வந்து நிக்கும். எக்ஸ்பில மட்டும்தான் நெஜமாவே கழட்டும். அதனால எடத்துக்காக சாலிட்டேர தூக்குறேன்னு கெளம்பாதீங்க, சிஸ்டத்துல கேம் கண்ணுல பட கூடாது, வேலை நேரத்துல சீட்டாட்டம் வேண்டாம்னா பண்ணுங்க, அதுக்கு இது நல்ல வழி. மைக்ரோசாஃப்ட் கேம்ஸ் ஃபோல்டர கையால டெலீட் பண்ண பாத்தா ட்ரஸ்டட் இன்ஸ்டாலர்ங்கற விண்டோஸோட சொந்த அக்கவுண்ட்கிட்ட பர்மிஷன் வாங்கிட்டு வான்னு வெரட்டி விடும், பர்மிஷன மாத்தி மல்லுக்கட்டுற வேலையெல்லாம் வேண்டாம்.

இதுலயே இண்டர்நெட்னு ஆரம்பிக்குற கேம்ஸ் சிலது இருக்கும், பேக்காமன், செக்கர்ஸ், ஸ்பேட்ஸ் எல்லாம். அத யோசிக்காம எடுத்துடலாம், எக்ஸ்பிக்கான சர்வர 2019 ஜூலை 31 அன்னைக்கும் விண்டோஸ் 7க்கானத 2020 ஜனவரி 22 அன்னைக்கும் மூடிட்டாங்க, தொறந்தாலும் எதிர்ல விளையாட ஆள் வராது.

அடுத்து நாம ஏத்துன கேம்ஸ், எடத்த அடைச்சிட்டு இருக்குறது பெரும்பாலும் இதுங்கதான். விண்டோஸ் கீயோட ஆர் அமுக்குனா ரன் டப்பா வரும், அதுல ஏ பி பி டபிள்யூ ஐ இஸட், ஒரு புள்ளி, சி பி எல் அடிச்சு என்டர் தட்டுங்க, எக்ஸ்பிலேந்து 7 வரைக்கும் எல்லாத்துலயும் நேரா புரோகிராம் லிஸ்ட் தொறக்கும். விஸ்டா, 7ல சைஸ்ங்கற தலைப்ப தொட்டா பெருசு மேல வரும், எக்ஸ்பில சார்ட் பைங்கறதுல சைஸ் இருக்கு. சில கேமுக்கு சைஸ் காலியா இருக்கும், அதனால சின்ன கேம்னு நெனக்காதீங்க. செலக்ட் பண்ணி அன்இன்ஸ்டால், கேக்குற கேள்வியெல்லாம் படிச்சு பதில் சொல்லுங்க. ஷேர்டு ஃபைல எடுக்கவான்னு கேட்டா வேண்டாம்னு சொல்றதுதான் பாதுகாப்பு, அது வேற புரோகிராமுக்கும் தேவைப்படலாம்.

இங்கதான் ஆர்வக்கோளாறுல தப்பு பண்றாங்க. அந்த லிஸ்ட்ல விஷுவல் சி ப்ளஸ் ப்ளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்னு அஞ்சாறு இருக்கும், டாட்நெட் ஃப்ரேம்வொர்க் இருக்கும், கேமோட வந்த குப்பைன்னு நெனச்சு எல்லாத்தையும் சேத்து தூக்கிடுவாங்க. அது வேண்டாம், 2005, 2008, 2010னு வருஷம் வேற வேற போட்டிருந்தா ஒவ்வொண்ணும் ஒவ்வொரு சாஃப்ட்வேருக்கு, புதுசு இருக்கே பழசு எதுக்குன்னு கணக்கு போட முடியாது. நான் ஒரு தடவ அப்படி தூக்கிட்டு மறுநாள் ஃபோட்டோ எடிட்டர் தொறக்கல, ஸ்கேனர் சாஃப்ட்வேர் தொறக்கல, ஒரு ஞாயித்துக்கிழம முழுக்க அதுலயே போச்சு.

கம்பெனிக்காரங்க ஏத்தி அனுப்புன ட்ரையல் கேம்ஸும் இதே லிஸ்ட்லதான் இருக்கும், ஆனா பத்து கேம் இருந்தாலும் சில நேரம் கேம் கன்சோல்னோ கேம் சென்டர்னோ ஒரே ஒரு பேர்ல ஒளிஞ்சிருக்கும். மொதல்ல தனித்தனி கேம்ஸ எடுங்க, கடைசியா அந்த தாய் புரோகிராம எடுங்க, மாத்தி பண்ணா குட்டிங்க அனாதையா நிக்கும். விஸ்டா, 7ல இன்ஸ்டால்டு ஆன்னு ஒரு தலைப்பு இருக்கு பாருங்க, தேதி வாரியா அடுக்குனா ஒரே நாள்ல கேமோட ஒட்டிக்கிட்டு வந்த டூல்பார், சர்ச் பார் எல்லாம் வரிசையா மாட்டும், அதையும் தூக்குங்க.

ஸ்டீம் வழியா வந்ததுன்னா ஸ்டீம் உள்ள லைப்ரரில கேம் பேர ரைட் கிளிக் பண்ணி அங்கேந்தே அன்இன்ஸ்டால் பண்ணணும். 2024 ஜனவரி 1லேந்து விண்டோஸ் 7ல ஸ்டீமுக்கு சப்போர்ட் இல்ல, எக்ஸ்பி விஸ்டாக்கு 2019லேயே நின்னுடுச்சு. ஸ்டீமே தொறக்கலன்னா ஸ்டீம் ஃபோல்டர்ல ஸ்டீம்ஆப்ஸ், அதுக்குள்ள காமன்னு இருக்கும், எடத்த அடைக்கிறது அங்க இருக்குற கேம் ஃபோல்டர்தான், அத கையால டெலீட் பண்ணலாம். ஃபோல்டர கையால அழிக்கலாம்னு நான் சொல்ற எடம் இதுவும், இன்ஸ்டாலே ஆகாம பென்டிரைவ்லேந்து காப்பி பண்ணி ஓட்டுற கேமும் மட்டும்தான்.

அன்இன்ஸ்டால் ஆக மாட்டேன்னு அடம் பிடிச்சா? மொதல்ல கேம் பின்னாடி ஓடிட்டு இருக்கான்னு டாஸ்க் மேனேஜர்ல பாருங்க, ஓடுனா என்ட் ப்ராசஸ். அடுத்து கேம் ஃபோல்டர் உள்ள போய் அன்இன்ஸ்னு ஆரம்பிச்சு மூணு சைபர்ல முடியற ஃபைல் இருக்கான்னு பாத்து அத டபுள் கிளிக் பண்ணுங்க, நெறைய கேமுக்கு அதுதான் அன்இன்ஸ்டாலர். அதுவும் இல்லன்னா எனக்கு நெறைய தடவ கைகுடுத்த வழி ஒண்ணு இருக்கு, அதே கேம அதே எடத்துல திரும்ப இன்ஸ்டால் பண்ணுங்க, ஒடஞ்சு போன அன்இன்ஸ்டாலர் புதுசா வந்துடும், ஒடனே அன்இன்ஸ்டால் பண்ணுங்க. வேண்டாத கேம எதுக்குடா திரும்ப ஏத்தணும்னு கடுப்பாதான் இருக்கும், ஆனா வேலை செய்யும். விண்டோஸ ரொம்ப தேவையானத மட்டும் வச்சு தொறக்குற சேஃப் மோடுல போய் பண்ணலாம்னு நெறைய பேரு சொல்வாங்க, அங்க விண்டோஸ் இன்ஸ்டாலர் சர்வீஸ் ஓடாது, அத நம்பி இருக்குற கேம் எதுவும் சேஃப் மோடுல அன்இன்ஸ்டால் ஆகாது, நேரம்தான் வேஸ்ட்.

ஏற்கனவே ஃபோல்டர அழிச்சிட்டு மாட்டிக்கிட்டவங்க லிஸ்ட்ல அன்இன்ஸ்டால் குடுத்து பாருங்க, இது முன்னாடியே எடுத்திருக்கலாம், லிஸ்ட்லேந்து பேர எடுக்கவான்னு பெரும்பாலும் கேக்கும், யெஸ் குடுத்தா பேய் ஓடிடும். விண்டோஸ் தன்னோட செட்டிங்ஸ் எல்லாம் எழுதி வச்சிருக்குற ரெஜிஸ்ட்ரிய நோண்டுறது கடைசி வழி, அதுவும் எக்ஸ்போர்ட் பண்ணி ஒரு காப்பி வச்சிட்டுதான்.

எல்லாம் முடிஞ்சாலும் சேவ் ஃபைல் மிச்சம் இருக்கும், அன்இன்ஸ்டாலர் வேணும்னேதான் அத விட்டுட்டு போகும், நீங்க திரும்ப விளையாட வந்தா லெவல் அப்படியே இருக்கணும்ல. மை டாக்குமெண்ட்ஸ் உள்ள மை கேம்ஸ், விஸ்டா, 7ல யூசர் ஃபோல்டர்ல சேவ்டு கேம்ஸ், அப்புறம் மறைஞ்சிருக்குற ஆப்டேட்டா ஃபோல்டர். ரொம்ப பழைய கேமா இருந்தா ஆப்டேட்டா, லோக்கல், அதுக்குள்ள விர்ச்சுவல்ஸ்டோர்னு ஒரு எடம் பாருங்க, புரோகிராம் ஃபைல்ஸ்ல எழுத விடாம விண்டோஸ் திருப்பி விட்டதெல்லாம் அங்க போய் உக்காந்திருக்கும். அழிக்கறதுக்கு முன்னாடி வீட்ல இருக்குற பசங்கள ஒரு வார்த்த கேட்டுக்கோங்க, என் அக்கா பையன் ரெண்டு வருஷமா சேத்து வச்ச ரேஸ் கார்ஸ நான் ஒரே கிளிக்ல காலி பண்ணி அவன் ஒரு மாசம் என்கிட்ட பேசல.

அப்புறம் ரீசைக்கிள் பின்ன காலி பண்ணிட்டு ஒரு தடவ ரீஸ்டார்ட் பண்ணுங்க. ஸ்டார்ட் மெனுல வெறும் கேம்ஸ்ங்கற பட்டன் மட்டும் 7ல மிச்சம் நிக்கும், டாஸ்க்பார ரைட் கிளிக் பண்ணி ப்ராப்பர்ட்டீஸ், ஸ்டார்ட் மெனு டேப்ல கஸ்டமைஸ், அங்க கேம்ஸ்ங்கறதுக்கு கீழ டோன்ட் டிஸ்ப்ளே திஸ் ஐட்டம் குடுத்தா அதுவும் போயிடும்.