ஒரே பாட்டு, இரண்டு குரல்: அனிமேஷன் படப் பாடல்களில் நாம் செய்யும் தவறுகள்

'லெட் இட் கோ' பாட்டைப் பாடியது யார் என்று கேட்டால் இரண்டு பதில்கள் வரும். இரண்டுமே சரி. 2013இல் வந்த 'ஃப்ரோசன்' படத்தில் பனியை உருவாக்கும் சக்தி கொண்ட அரசி எல்சா பனிமலை ஏறிப் பாடும்போது ஒலிப்பது இடினா மென்செலின் குரல். படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் அதே பாட்டு வேறு தாளக்கட்டோடு மறுபடி வருகிறது. அது டெமி லொவாட்டோ பாடியது. குழந்தைகளோடு சேர்ந்து பார்க்கும் அனிமேஷன் படங்கள் பலவற்றில் முக்கியப் பாட்டுக்கு இப்படி இரண்டு வாழ்க்கை உண்டு. கதைக்குள் ஒன்று, வானொலிக்காக ஒன்று. இரண்டையும் போட்டுக் குழப்புவதில்தான் பெரும்பாலான தவறுகள் பிறக்கின்றன.

எதற்காக இரண்டு? கதைக்குள் வரும் பாட்டு காட்சியோடு பிணைந்தது. பாத்திரம் மூச்சு வாங்கும், நடுவே பேசும், கதவைச் சாத்தும். அதை வானொலியில் தனியாகப் போட்டால் கேட்கிறவருக்குப் பாதிதான் புரியும். அதனால் மெட்டை மட்டும் வைத்துக்கொண்டு, ஊரறிந்த பாடகர் ஒருவரை அழைத்து, புதிய வாத்திய அமைப்போடு பாப் பாட்டாக இன்னொரு முறை பதிவு செய்கிறார்கள். படத்துக்கு அது விளம்பரமாகவும் ஆகிறது.

இரண்டாவது பதிவை மட்டும் கேட்டுவிட்டுப் பாட்டின் பொருளைத் தீர்மானிப்பது, நான் அதிகம் பார்க்கிற தவறு. 'சம்வேர் அவுட் தேர்' நல்ல உதாரணம். லிண்டா ரான்ஸ்டாட்டும் ஜேம்ஸ் இன்கிரமும் பாடிய அந்தப் பதிவு 1987இல் அமெரிக்காவின் பிரபலப் பாட்டுகளை வரிசைப்படுத்தும் பில்போர்டு ஹாட் 100 பட்டியலில் இரண்டாம் இடம் வரை போனது. கேட்டால் பிரிந்திருக்கும் காதலர்களின் பாட்டு என்றே தோன்றும். அது பிறந்த படமோ 1986இல் வந்த 'ஆன் அமெரிக்கன் டெய்ல்'. குடும்பத்தோடு கப்பலில் அமெரிக்கா வரும் வழியில் தொலைந்துபோன ஒரு குட்டி எலியும் அவன் அக்காவும், ஒரே நிலாவைப் பார்த்துக்கொண்டு ஆளுக்கொரு மூலையிலிருந்து பாடுகிறார்கள். பாடியவர்களும் சிறுவர்கள்தான். சுருதி கொஞ்சம் நழுவுகிறது. அந்த நழுவலில்தான் பாட்டின் உயிர் இருக்கிறது என்பேன். படத்தில் ஒருமுறையாவது கேட்டுவிட்டு அப்புறம் பாப் பதிவுக்குப் போங்கள்.

மேடையில் பாடப் போகிறவர்கள் இன்னொரு தவறு செய்கிறார்கள். பாட்டின் பெயரைத் தேடி முதலில் கிடைக்கும் கரோக்கி இசையை எடுத்துக்கொள்கிறார்கள். வீட்டில் மென்செலின் பதிவைக் கேட்டுப் பழகிய பிள்ளைக்கு மேடையில் லொவாட்டோ பதிவின் இசை ஓடினால் பாதியிலேயே திணறல்தான். சுருதி வேறு, தொடக்கம் வேறு, நடுவில் சொற்களே வேறு. படப் பதிவின் நடுப்பகுதியில் எல்சா தன் சக்தி காற்றில் சுழன்று பனியாக உருவெடுப்பதை விவரிப்பாள். திரையில் அரண்மனை எழும்பிக்கொண்டிருக்கும். பாப் பதிவில் அந்த வரிகள் இல்லை. கடந்த காலத்தைப் பனிக்குள் புதைத்துவிட்டேன் என்ற பொருளில் வேறு வரிகள் வருகின்றன. அரண்மனையைக் காணாமல் காதால் மட்டும் கேட்பவருக்கு எழுதியவை அவை. சரி, எதைத் தேர்ந்தெடுப்பது? மென்செலின் பதிவு மெல்லிய கீழ்க் குரலில் தொடங்கிக் கடைசியில் மிக உயரத்துக்குப் போகிறது. பயிற்சி பெற்ற நாடக மேடைப் பாடகியை மனதில் வைத்து எழுதியது. பத்து வயதுக் குழந்தையின் தொண்டையை அதற்காக வருத்தாதீர்கள். சுருதியைக் குறைத்துக்கொண்டால் பாட்டின் மதிப்பு எள்ளளவும் குறையாது.

பாப் பதிவுதான் எப்போதும் பெரிய வெற்றி பெறும் என்ற எண்ணமும் தப்பு. 'அலாடின்' காலத்தில் அது உண்மையாக இருந்தது. பீபோ பிரைசனும் ரெஜினா பெல்லும் பாடிய 'எ ஹோல் நியூ வேர்ல்டு' 1993 மார்ச்சில் பில்போர்டு பட்டியலின் முதலிடத்துக்கு வந்தது. பதினான்கு வாரம் அங்கேயே நின்ற விட்னி ஹூஸ்டன் பாட்டை இறக்கிவிட்டு வந்தது. 'ஃப்ரோசனில்' கதை தலைகீழ். மென்செலின் பதிவு ஐந்தாம் இடம் தொட்டது, லொவாட்டோவின் பதிவு 38ஐத் தாண்டவில்லை. 2022இல் 'என்காண்டோ' படத்தின் 'வி டோன்ட் டாக் அபௌட் புரூனோ' கதைப் பாத்திரங்கள் கூட்டமாகப் பாடும் பதிவாகவே முதலிடத்தில் ஐந்து வாரம் இருந்தது. வீட்டில் குழந்தைகள் தாங்களே விரும்பிய பாட்டைப் போட்டுக் கேட்கும் காலத்தில், அவர்கள் தேடுவது படத்தில் கேட்ட அதே குரலைத்தான்.

பேசியவரே பாடினார் என்று எடுத்துக்கொள்வது இன்னொரு சறுக்கல். பின்னணிப் பாடகர்களோடு வளர்ந்த நமக்கு இது புரியாத விஷயமே இல்லை, ஆனாலும் ஆங்கிலப் படம் என்றதும் மறந்துவிடுகிறோம். 'அலாடின்' படத்தின் ஜாஸ்மினுக்குப் பேசியது லிண்டா லார்கின், பாடியது பிலிப்பைன்ஸ் நாட்டின் லியா சலோங்கா, அதே வரிகளை பாப் பதிவில் பாடியது ரெஜினா பெல். ஒரே இளவரசிக்கு மூன்று குரல்! 1998இல் 'முலான்' படத்துக்கும் சலோங்காதான் பாடினார். அதன் 'ரிஃப்ளெக்‌ஷன்' பாட்டை பாப் பதிவுக்காகப் பாடியவர் அப்போது பெரிதாக அறியப்படாத கிறிஸ்டினா அகிலேரா. சில சமயம் எல்லாம் ஒருவரிடமே சேரும். 'ஃப்ரோசன் 2' தமிழில் வந்தபோது எல்சாவுக்குப் பேசியதும் பாடியதும் ஸ்ருதி ஹாசன்.

அனிமேஷன் படப் பாட்டுகளை, படம் முடிந்தபின் வியாபாரத்துக்காக ஒட்டவைத்தவை என்று சிலர் லேசாகச் சொல்லிவிடுகிறார்கள். எனக்கு மனம் கேட்பதில்லை. எல்சாவை முதலில் கெட்டவளாகத்தான் திட்டமிட்டிருந்தார்கள். கிறிஸ்டன் ஆண்டர்சன் லோபஸும் ராபர்ட் லோபஸும் 'லெட் இட் கோ'வை எழுதிக் கொடுத்தபிறகு, இப்படிப் பாடுகிறவள் கெட்டவளாக இருக்க முடியாது என்று கதையையே திருத்தினார்கள். பாட்டுக்காகப் படம் வளைந்தது. ஃபாரெல் வில்லியம்ஸின் 'ஹேப்பி'யும் அவ்வளவு எளிதாக வந்துவிடவில்லை. 'டெஸ்பிகபிள் மி 2' படத்தின் ஒரு காட்சிக்கு அவர் கொடுத்த ஒன்பது பாட்டுகள் திரும்பி வந்தபிறகு பிறந்தது அது.

ஆஸ்கர் விஷயத்தில் ஒன்றை மட்டும் நினைவில் வையுங்கள்: சிறந்த பாடலுக்கான விருது எழுதி இசையமைத்தவர்களுக்கு, பாடியவருக்கு அல்ல. 1995 விழாவில் எல்டன் ஜான் 'தி லயன் கிங்' பாட்டுக்காக வாங்கியதும் இசையமைப்பாளராகத்தான். அவர் பாடகராகவும் இருந்ததால் குழப்பம் வந்தது.

இந்தக் குழப்பத்தில் அதிகம் காணாமல் போகிறவர்கள் பாடலாசிரியர்கள். 1991இன் 'பியூட்டி அண்ட் தி பீஸ்ட்' பாட்டு என்றால் செலின் டியோனும் பீபோ பிரைசனும் நினைவுக்கு வருவார்கள். படத்துக்குள் தேநீர்க் கெண்டியாக அதைப் பாடியவர் ஆஞ்சலா லான்ஸ்பரி. இது என் குரலுக்கு ஏற்றதல்ல என்று முதலில் தயங்கியவர், ஒரே தடவையில் பாடி முடித்தார். ஆலன் மென்கனின் மெட்டுக்கு வரிகள் எழுதியவர், முன்பே 'தி லிட்டில் மெர்மெய்ட்' என்ற கடற்கன்னிப் படத்துக்கும் பாட்டெழுதிய ஹோவர்ட் ஆஷ்மன். எய்ட்ஸ் நோயில் உடல் நலிந்துகொண்டிருந்த நாட்களில் எழுதினார். 1991 மார்ச்சில், நாற்பது வயதில் இறந்தார். படம் நவம்பரில் வந்தது. அடுத்த ஆண்டு ஆஸ்கரை அவர் சார்பில் அவருடைய துணைவர் பில் லாக் வாங்கிக்கொண்டார்.

அந்தப் படத்தைப் பார்க்கும்போது பெயர்கள் ஓட ஆரம்பித்ததும் எழுந்துவிடாதீர்கள். டியோன், பிரைசன் பாட்டு முடிந்தபிறகும் உட்கார்ந்திருங்கள். எல்லாப் பெயர்களும் போன பின் ஒரு சமர்ப்பணம் வரும்: கடற்கன்னிக்குக் குரலையும் விலங்குக்கு ஆன்மாவையும் கொடுத்த எங்கள் நண்பர் ஹோவர்டுக்கு.