ஏர்லைன் வேலையில் சேரும் முன் பெண்களும் சிறுபான்மையினரும் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியவை

ஆட்சேர்ப்பு விளம்பரத்தில் ஒரு பெண் கேப்டன் சிரித்துக்கொண்டு நிற்காத ஏர்லைனே இன்று இல்லை என்று சொல்லிவிடலாம். ஆனால் உலகம் முழுக்க எடுத்துக்கொண்டால் ஏர்லைன் பைலட்களில் பெண்கள் நூற்றுக்கு ஐந்தாறு பேர்தான். இந்தியாவில் அதைப்போல இரண்டு மடங்குக்கு மேல். அதனால் விளம்பரத்தை ஓரமாக வைத்துவிட்டு, சேரப்போகும் நிறுவனத்தின் விதிகளைப் படியுங்கள். வாசலிலேயே நிறுத்தி "உங்களுக்கு வேலை கிடையாது" என்று சொல்லும் காலம் பெரும்பாலும் போய்விட்டது. இப்போது சிக்கல் எல்லாம் லீவு விதியிலும் பாண்டிலும் (இத்தனை வருடம் வேலை பார்ப்பேன், முன்பே விலகினால் பணம் கட்டுவேன் என்று எழுதிக் கொடுப்பது) சீனியாரிட்டி லிஸ்டிலும்தான் ஒளிந்திருக்கிறது.

முதலில் மெடிக்கல், அப்புறம் பணம்

பைலட் ஆகும் எண்ணம் இருந்தால் பயிற்சிப் பள்ளிக்கு முன்பணம் கட்டுவதற்கு முன்னாலேயே கிளாஸ் 1 மெடிக்கல், அதாவது ஏர்லைன் பைலட்டுக்கான மருத்துவத் தகுதிச் சான்று, எடுத்துவிடுங்கள். இதைவிடக் குறைந்த மெடிக்கலை வைத்தே பல பள்ளிகள் சேர்த்துக்கொள்ளும், பணமும் வாங்கிக்கொள்ளும். நிறம் பிரித்துப் பார்ப்பதில் கோளாறு என்று பாதி வழியில் தெரிந்தால் கடன் மட்டும்தான் மிஞ்சும்.

உயரம் பற்றி நிறையப் பெண்கள் பயப்படுகிறார்கள். அமெரிக்க விதிப்படி, பெரிய பயணிகள் விமானத்தின் காக்பிட் 5 அடி 2 அங்குலம் முதல் 6 அடி 3 அங்குலம் வரை உயரமுள்ளவர்கள் உட்கார்ந்து இயக்கத் தோதாக இருக்க வேண்டும். அந்தக் கீழ் எல்லையில் இடிபடுவது ஆண்களைவிடப் பெண்கள்தான் அதிகம். ஆனால் அது விமானத்தை வடிவமைப்பவருக்கான விதி, பைலட்டாகச் சேர வருபவருக்கான தகுதி இல்லை. ஒன்றிரண்டு அங்குலம் குறைந்தால் உடனே ஒதுங்கிவிடாமல், சீட்டில் உட்காரவைத்து ரடர் பெடலை (விமானத்தின் மூக்கை இடம் வலமாகத் திருப்பும் கால் மிதி) முழுக்க மிதிக்க முடிகிறதா, வெளியே பார்வை சரியாக இருக்கிறதா என்று சோதித்துப் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். கேபின் க்ரூவுக்கு இதே விஷயம் வேறு மாதிரி வரும்: எமிரேட்ஸ் போன்ற நிறுவனங்கள், நுனிக்காலில் நின்று கையை உயர்த்தினால் 212 செ.மீ. எட்ட வேண்டும் என்கின்றன. மேலே வைத்திருக்கும் பாதுகாப்புச் சாதனங்களை எடுக்கத்தான் இது, நியாயமான விதி.

இங்கே ஒரு பழக்கத்தை வளர்த்துக்கொள்ளுங்கள். எந்த விதியைக் காட்டினாலும், இது பாதுகாப்புக்கா, தோற்றத்துக்கா என்று கேளுங்கள். பாதுகாப்பு என்றால் காரணத்தை விளக்கச் சொல்லலாம், தாடி வைத்தால் ஆக்சிஜன் மாஸ்க் முகத்தில் சரியாகப் பொருந்தாது என்பது போல. தோற்றம் என்றால் பேசிப் பார்க்க இடம் உண்டு. பிரிட்டிஷ் ஏர்வேஸில் செக்-இன் வேலை பார்த்த ஒரு பெண் கழுத்தில் சிலுவை அணிந்த விவகாரம் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் வரை போய், 2013இல் அவருக்குச் சாதகமாகவே முடிந்தது. மேக்கப் கட்டாயம் என்ற விதியை 2019இல் விர்ஜின் அட்லாண்டிக் தானாகவே கைவிட்டது. தலைப்பாகை, ஹிஜாப், தாடி எதுவானாலும் சேருவதற்கு முன் எழுத்தில் கேட்டு எழுத்தில் பதில் வாங்குங்கள். சேர்ந்த பிறகு மேனேஜர் வாய்வார்த்தையாகச் சொன்னதெல்லாம் அடுத்த மேனேஜர் வந்ததும் காற்றோடு போய்விடும்.

சீனியாரிட்டி, இதுதான் தலையாய விஷயம்

வெளியிலிருந்து வருபவர்களுக்கு இது புரியாது, பல வழிகாட்டிகளும் இதைத் தொடுவதில்லை. பல நாடுகளின் ஏர்லைன்களில் எந்த விமானம் ஓட்டுவது, எந்த ரூட், எந்த நாள் விடுமுறை, எப்போது கேப்டன் ஆவது என்பதெல்லாம் திறமையைவிட, நீங்கள் எந்தத் தேதியில் சேர்ந்தீர்கள் என்பதைப் பொறுத்தே அமையும். லே-ஆஃப் வந்தால் லிஸ்டின் அடியிலிருந்துதான் எடுப்பார்கள். பார்க்க ரொம்ப நடுநிலையான ஏற்பாடு. ஆனால் யாரைக் கடைசியாக உள்ளே விட்டார்களோ அவர்கள்தான் அந்த அடியில் இருப்பார்கள்.

எவ்வளவு தாமதமாக விட்டார்கள் என்றும் தெரிந்துகொள்ளுங்கள். அமெரிக்காவில் ஹெலன் ரிச்சி 1934இல் சென்ட்ரல் ஏர்லைன்ஸில் பைலட்டாகச் சேர்ந்தார்; பைலட்கள் சங்கம் அவரை உறுப்பினராகச் சேர்க்க மறுத்தது, மறு வருடமே விலகிவிட்டார். அடுத்த பெண்ணாக எமிலி வார்னரை ஃப்ரான்டியர் ஏர்லைன்ஸ் எடுத்தது 1973இல். மார்லன் கிரீன் என்ற கறுப்பின விமானப்படை பைலட் 1957இல் கான்டினென்டல் ஏர்லைன்ஸுக்கு விண்ணப்பித்தபோது இனத்தைக் கேட்ட கட்டத்தைக் காலியாக விட்டு, போட்டோவும் வைக்காமல் அனுப்பினார். டெஸ்டுக்குக் கூப்பிட்டார்கள், வேலை தரவில்லை. 1963இல் உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் நின்ற பிறகும், 1965இல்தான் அவர் வேலையில் சேர முடிந்தது.

ஆக, இரண்டு நிறுவனங்களிலிருந்து ஆஃபர் வந்தால் சம்பளத்தோடு சேரும் தேதியையும் ஒப்பிடுங்கள். ஒரே நாளில் சேரும் பேட்சுக்குள் வரிசையை எப்படி முடிவு செய்கிறார்கள், வயதை வைத்தா மதிப்பெண்ணை வைத்தா என்று கேளுங்கள். நிறுவனம் மாறினால் சீனியாரிட்டி பொதுவாகக் கூட வராது, மறுபடி அடியிலிருந்துதான். பிரசவ லீவில் இருக்கும்போது உங்கள் இடம் அப்படியே இருக்குமா என்பதைக் கட்டாயம் கேளுங்கள்.

பிள்ளைப்பேறு பற்றிக் கேட்கத் தயங்க வேண்டாம்

இந்திய உச்ச நீதிமன்றம் 1981இல், முதல் கர்ப்பத்தோடு ஏர் ஹோஸ்டஸை வேலையிலிருந்து அனுப்பும் ஏர் இந்தியா விதியைத் தூக்கி எறிந்தது. அதே தீர்ப்பில், சேர்ந்து 4 வருடத்துக்குள் கல்யாணம் செய்தால் வேலை போகும் என்ற விதியை விட்டுவைத்தது. (எனக்கு இன்னும் விளங்காத பாதி அது.) கத்தார் ஏர்வேஸ் தன் ஒப்பந்தத்தில் திருமணம், கர்ப்பம் பற்றிய விதிகளைத் தளர்த்தியது 2015இல்தான். அதனால் "இதெல்லாம் பழைய கதை" என்று யாராவது சொன்னால் ஒப்பந்தத்தைக் கையில் வாங்கிப் படித்துவிட்டு நம்புங்கள்.

சர்வதேச சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பின் மருத்துவ விதிப்படி, சிக்கல் இல்லாத கர்ப்பத்தில் 12ஆம் வாரம் முடிந்ததிலிருந்து 26ஆம் வாரம் முடியும் வரை பைலட் பறக்கலாம். சில நிறுவனங்கள் கர்ப்பம் என்று தெரிந்த நாளிலேயே பறக்கும் வேலையிலிருந்து இறக்கிவிடும். அப்போது கிரவுண்ட் வேலை உண்டா, சம்பளம் எந்தக் கணக்கில் வரும் என்று கேளுங்கள், ஏனென்றால் பறக்கும் ஊழியர்களின் வருமானத்தில் பெரிய பங்கு பறக்கும் நேரத்துக்கான அலவன்ஸ்தான். அடிப்படைச் சம்பளம் மட்டும் என்றால் கை கடிக்கும். லீவு முடிந்து வரும்போது, பயணிகளோடு பறக்க பைலட்டுக்குத் தேவையான, 90 நாளில் 3 டேக்-ஆஃப், 3 லேண்டிங் என்ற கணக்கு விட்டுப்போயிருக்கும். சிமுலேட்டரில் திரும்பத் தேற வேண்டும், அந்தச் செலவு யாருடையது? பாண்டு காலம் லீவால் நீளுமா? பாலூட்டும் காலத்தில் ரோஸ்டர், அதாவது வேலை நேரப் பட்டியல், எப்படி? ஈஸிஜெட்டின் இரண்டு கேபின் க்ரூ பெண்கள் இந்தக் கடைசிக் கேள்விக்காகவே வழக்குப் போட்டு 2016இல் ஜெயித்தார்கள்.

இன்டர்வியூவில் நேரில் கேட்கச் சங்கடமாக இருந்தால் ஆஃபர் கைக்கு வந்த பிறகு, கையெழுத்துக்கு முன், ஹெச்.ஆருக்கு மெயிலில் கேளுங்கள். அவர்கள் "கல்யாணம் எப்போது" என்று கேட்டால் குடும்பக் கதைக்குள் போகாதீர்கள். "ரோஸ்டர் எந்த நேரம் போட்டாலும் வர முடியும்" என்று அந்தக் கேள்வியை வேலைக்கே திருப்பிவிடுங்கள்.

பணத்துக்கு, பெண் பைலட்களுக்கான நைன்ட்டி-நைன்ஸ் (1929இல் தொடங்கியது), ஐ.எஸ்.ஏ. பிளஸ் 21 ஆகிய அமைப்புகளின் உதவித்தொகைகளைத் தேடுங்கள். இரண்டாவது அமைப்பு டைப் ரேட்டிங்குக்கும் (ஒரு குறிப்பிட்ட வகை விமானத்தை ஓட்டுவதற்கான தகுதி) தருகிறது. அமெரிக்காவில் கறுப்பின பைலட்களுக்காக 1976இல் தொடங்கிய ஓபாப் என்ற அமைப்பு இருக்கிறது. டிஸ்பாட்ச் (தரையிலிருந்து விமானப் பயணத்தைத் திட்டமிடுவது), மெயின்டனன்ஸ், ஆபரேஷன்ஸ் கண்ட்ரோல் வேலைகளையும் ஒரு கண் பாருங்கள். பைலட் அளவுக்குக் கடன் படாமல் உள்ளே வரும் வழிகள் அவை.

சேர்ந்த பிறகு ஏதாவது நடந்தால் அன்றே தேதி, ஃபிளைட் நம்பர், கூட இருந்தவர்கள், சொன்ன வார்த்தை எல்லாவற்றையும் குறித்து வையுங்கள். ஏர்லைனில் நாளுக்கு ஒரு க்ரூ, அடுத்த மாதம் சாட்சியின் பெயரே மறந்துவிடும். புகாருக்குக் கெடுவும் உண்டு: இந்தியாவில் பாலியல் தொல்லைப் புகாரை நிறுவனத்தின் உள் குழுவுக்கு 3 மாதத்துக்குள் தர வேண்டும், அமெரிக்காவில் பாகுபாட்டுப் புகாருக்குப் பொதுவாக 180 நாள். உங்கள் நாட்டில் எத்தனை நாள் என்பதைச் சேரும் வாரத்திலேயே பார்த்து வைத்துவிடுங்கள்.